நேரா போடணும்

என்னைப் பற்றி ஊரில் யார் என்ன சொன்னாலும் நான் காதில் போட்டுக்கொள்ள மாட்டேன். வாயாடி என்பார்கள். புருஷனை விரட்டி விரட்டி வேலை வாங்குகிறவள் என்பார்கள். உண்மைதான், இருந்துவிட்டுப் போகட்டும். ஆனால் என் மண்ணைக் குறை சொன்னால் மட்டும் எனக்குக் கண்மண் தெரியாது. அப்படிக் கண்மண் தெரியாமல் போய் நான் செய்துவிட்டு வந்த காரியத்தைத்தான் சொல்லப் போகிறேன்.

எங்கள் ஊர் திருப்புலிவனம். வீட்டுக்குப் பின்னால் ஐந்து சென்ட் தோட்டம், ஏரிக்குக் கீழே முக்கால் ஏக்கர் நெல். சுற்றுவட்டாரத்தில் நடவு என்றால் கனகாவைக் கூப்பிடு என்பார்கள். பன்னிரண்டு பெண்களோடு நான் சேற்றில் இறங்கினால், மதியத்துக்குள் வயல் முழுக்கக் கோடு கிழித்த மாதிரி நாற்று நிற்கும். வரப்பில் போகிறவர்கள் நின்று பார்த்துவிட்டுத்தான் போவார்கள்.

தொண்ணூற்றேழாம் வருஷம், மார்கழி பிறந்த வாரம். கத்திரி விதை வாங்க உத்திரமேரூர் பஜாருக்குப் போனேன். அங்கே மக்பூல் பாய் கடை. விதை, உரம், பூச்சி மருந்து எல்லாம் கிடைக்கும். கடையை ஒட்டி உள்ளே வீடு. மனிதர் அதிர்ந்து பேச மாட்டார். 'பாய் குடுத்தா முளைக்கும்' என்ற ஒரே பேச்சில்தான் முப்பது வருஷமாக அந்தக் கடை ஓடிக்கொண்டிருந்தது.

கல்லாவுக்கு மேலே ஒரு பாக்கெட் தொங்கியது. அதில் கேரட் படம். நேராக, வழவழவென்று, பார்க்கவே கடிக்கத் தோன்றியது.

"இது நம்ம பக்கம் வெளையுமா பாய்?" என்று கேட்டேன்.

அவர் பதில் சொல்வதற்குள் பெஞ்சிலிருந்து சிரிப்புச் சத்தம். இருசப்பன். ஒரு நாளும் ஒரு விதையும் வாங்காமல் தினமும் அந்தக் கடைக்கு வந்து ஓசிப் பேப்பர் படிக்கிற ஆள்.

"ஊட்டில வெளையறது உத்திரமேரூர்ல வெளையுமா? அதுக்குக் குளிரு வோணும்மா. நீ போயி கத்திரிய பாரு."

"ஏன், மார்கழில இங்க குளிரு இல்லியா? அப்பறம் இன்னாத்துக்கு நீ மப்ளர சுத்திக்கினு குந்திகினுகீற?"

பாய் சிரித்துவிட்டார். "வெளையும் கனகாம்மா. சமவெளிக்குன்னே வந்த ரகம் இது. மூணு மாசம் வெயிலு கம்மியா, இதமா இருந்தா போதும்."

அதற்குள் டீயோடு வெளியே வந்தார் ஹமீதா அக்கா, பாயின் சம்சாரம். பத்து வருஷப் பழக்கம் எங்களுக்குள். பொங்கலுக்கு எங்கள் வீட்டுப் பானை அங்கே போகும். ரம்ஜானுக்கு அங்கிருந்து தூக்கு வரும். "காஜரா?" என்றார் அக்கா. அவர்கள் வீட்டில் கேரட்டுக்கு அதுதான் பெயர். "எங்க பொண்ணு சாதியாவோட நிக்காஹ் பக்ரீத் கழிச்சி வெச்சிகீது. நீ மட்டும் வெளைய வெச்சின்னா, கல்யாண அல்வா உன் காஜர்ல தான் கிண்டுவேன்."

விடுவேனா? இருசப்பனைப் பார்த்துக்கொண்டே சொன்னேன்: "கூடை கூடையா கொண்ணாந்து கொட்றேன்க்கா. நீ நெய்ய மட்டும் ரெடி பண்ணு."

பாக்கெட்டுக்குள் ஒரு சீட்டு இருந்தது, இங்கிலீஷில். பாய் கண்ணாடியை மூக்கில் ஏற்றிக்கொண்டு ஒவ்வொரு வரியாகப் படித்துச் சொன்னார். "மண்ணு ரெண்டு சாண் ஆழத்துக்குப் பொலபொலன்னு இருக்கணும். கல்லு கூடாது, கட்டி கூடாது. புதுச்சாணி கூடவே கூடாது, மக்கின எருதான். அப்பால... நேரா போடணும்."

"இன்னா?"

"நேரா போடணும்மா. பெரிய எழுத்துல போட்டுகீறான், மறந்துடாதீங்க."

எனக்குச் சிரிப்பாக வந்தது. "நேரா தானே? அத வுடுங்க பாய். என்னாண்ட போயி சொல்றீங்களே!"

மறுநாள் காலை ஆரம்பித்தேன். என் வீட்டுக்காரர் கன்னியப்பன் கடப்பாரை போட, நான் மண்வெட்டியால் இழுத்தேன். எங்கள் தோட்டத்து மண் செம்மண். மேலே பார்க்க லட்சணமாக இருக்கும். ஒரு சாண் கீழே போனால் சரளைக்கல். இரண்டாவது நாளே அவர் கடப்பாரையைக் கீழே போட்டுவிட்டு இடுப்பைப் பிடித்துக்கொண்டார்.

"இன்னாமே, கேரட்டு போடறியா, கெணறு வெட்றியா?"

"ரெண்டு சாண்னு சொல்லிகீறாரு பாய்."

"யாரு சாண்? உன் சாணா, எஞ் சாணா?"

"உன் சாணு தான். வெட்டு."

தோண்டிய மண்ணை இரண்டு நாள் வெயிலில் காயவிட்டேன். கட்டிகளைக் கட்டையால் தட்டி உடைத்தேன். அப்புறம் கொத்தனார் வீட்டில் மணல் சலிக்கிற சல்லடையை வாங்கி வந்து, ஐந்து சென்ட் மண்ணையும் சலித்தேன். ஆமாம், முழுவதையும்தான். தெருவில் போனவர்கள் எனக்குப் பேய் பிடித்துவிட்டது என்று பேசிக்கொண்டார்கள். பேசட்டும். சலித்து எடுத்த கல்லை எங்கள் சந்தில் கொட்டியதில், நாலு வருஷமாகத் தண்ணீர் தேங்கிக் கிடந்த பள்ளம் மேடாகிவிட்டது. பஞ்சாயத்து செய்யாத வேலையை என் கேரட் செய்தது.

காவாந்தண்டலத்தில் இருக்கும் என் தம்பி மாட்டு வண்டியில் ஆற்று மணல் கொண்டுவந்து கொட்டினான். ஏரியிலிருந்து வண்டல் வந்தது. எருக்குழியில் மேலே கிடந்ததைத் தள்ளிவிட்டு, அடியில் இரண்டு வருஷமாகக் கிடந்து டீத்தூள் மாதிரி ஆகிவிட்ட எருவை மட்டும் கூடையில் அள்ளினேன். அடுப்புச் சாம்பலும் கொஞ்சம். எல்லாவற்றையும் கலந்து, முழங்கால் உயரத்துக்கு மேட்டுப் பாத்தி பிடித்து, கையாலேயே தடவி மட்டம் பார்த்தேன்.

என் வீட்டுக்காரர் வந்து குந்தி, பாத்திக்குள் கையை விட்டார். முழங்கை வரை தடங்கல் இல்லாமல் போயிற்று.

"தே! பஞ்சு மெத்தை கணக்கா கீதே. பேசாம நானே இதுல படுத்துக்கறேன், கேரட்ட கட்டில்ல போடு."

அன்று இராத்திரி என் கைகள் இரண்டும் கொப்புளம். ஆனால் மனசு நிறைந்திருந்தது. அப்படி ஒரு மண்ணை நான் அதுவரை பார்த்ததே இல்லை. அதை நானே பண்ணியிருந்தேன்.

இனி விதை. நெல்லோ கத்திரியோ மிளகாயோ, எதுவானாலும் முதலில் ஒரு மூலையில் நாற்றுவிடுவோம். வளர்ந்ததும் பிடுங்கி நடுவோம். இதில் யோசிக்க என்ன இருக்கிறது? தோட்டத்து வடக்கு மூலையில் கட்டில் அகலத்துக்கு நாற்றங்கால் விட்டு விதையைத் தூவினேன். பொங்கல் கழிந்து நாற்று ஒரு விரல் உயரம் வந்தது. சிட்டம்மாள், அம்முலு இருவரையும் கூட்டிக்கொண்டு உட்கார்ந்தேன். இருவரும் என் நடவுக் கும்பல். பிடுங்கினோம், பழக்கம் விடாமல் வேரைக் காலில் தட்டி மண்ணை உதிர்த்தோம், முடிச்சுப் போட்டோம். பாத்திக்கு இந்தப் பக்கம் ஒரு குச்சி, அந்தப் பக்கம் ஒரு குச்சி, நடுவில் கயிறு. கயிற்றை ஒட்டி ஒவ்வொன்றாக நட்டோம். ஒரு நாற்று கூட விரற்கடை விலகவில்லை.

"பாய் வந்து பாக்கணும். நேரான்னா இதுதான் நேரு" என்றேன். மூலையில் மிஞ்சிய நாற்று கொஞ்சம் கிடந்தது. அதை யார் பிடுங்குவது என்று விட்டுவிட்டேன்.

மாசியில் தோட்டம் பூராவும் கொத்தமல்லி போட்ட மாதிரி பச்சைப்பசேல் என்று ஆகிவிட்டது. டவுன் பஸ்ஸில் போகிறவர்கள் எட்டிப் பார்த்தார்கள். ஹமீதா அக்காவுக்கு நான் வாரம் ஒரு முறை சேதி சொல்லி அனுப்பிக்கொண்டிருந்தேன். பங்குனி பிறந்து பத்து நாள் ஆனதும், குளித்து, ஒரு கற்பூரம் ஏற்றிவிட்டு, முதல் செடியைப் பிடித்து இழுத்தேன்.

வந்தது. இரண்டு காலோடு வந்தது.

சரி, ஒன்று இரண்டு அப்படி இருக்கும் என்று அடுத்ததை இழுத்தேன். மூன்று கால். அதற்கடுத்தது ஒன்றை ஒன்று பின்னிக்கொண்டு, முறுக்குப் பிழிந்த மாதிரி. ஒரு பாத்தி முழுக்கப் பிடுங்கிப் பார்த்தேன். ஒன்று கூட, ஒன்றே ஒன்று கூட, படத்தில் இருந்த மாதிரி இல்லை. அவர் ஒன்றை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"இன்னாமே இது, கால் மேல கால் போட்டுக்கினு கீது?"

சிரித்தாரே ஒரு சிரிப்பு! அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. பிடுங்கியதையெல்லாம் சாக்கில் போட்டுக் கட்டி, வந்த பஸ்ஸில் ஏறிவிட்டேன்.

அன்று சனிக்கிழமை. சொர்ணவாரிப் பட்டத்துக்கு விதைநெல் வாங்க பாய் கடையில் கூட்டம் நெரிந்தது. நான் விலக்கிக்கொண்டு போய், சாக்கைத் தலைகீழாகப் பிடித்துக் கல்லாவில் கொட்டினேன். கேரட்டுகள் உருண்டு நாலாபக்கமும் ஓடின.

"இன்னா வெத பாய் குட்த்தீங்க?"

பாய் ஒரு கேரட்டை எடுத்துப் பார்த்தார். அவருக்கும் ஒன்றும் புரியவில்லை. பாவம், நிதானமாகத்தான் கேட்டார்: "மண்ணுல கல்லு கில்லு எதுனா இருந்திருக்குமா கனகாம்மா?"

போயிற்று. அந்த நிமிஷம் எனக்கு எல்லாம் போயிற்று. அதுவரை 'வாங்க பாய், சொல்லுங்க பாய்' என்று பேசிய வாய், "யோவ்!" என்றது.

"யோவ்! எம் மண்ணுல கல்லா? ஐஞ்சி சென்ட்ட சல்லடைல சலிச்சவ நானு! உன் வெதைல கலப்படத்த வெச்சிக்கினு எம் மண்ண சொல்றியா? முப்பது வருசமா இத்த தான் வித்துக்கினுகீறியா?"

அதற்கு மேலும் சொன்னேன். எழுத்தில் வேண்டாம். வாசலில் டீத் தட்டோடு நின்ற ஹமீதா அக்கா என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் திரும்பியபோது, விதைநெல் பையைக் கையில் பிடித்திருந்த ஒருவர் அதை மெல்லக் கீழே வைப்பதைப் பார்த்தேன். பெஞ்சில் இருசப்பன் பேப்பரை மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு எழுந்தான். அவனுக்கு அன்று நிறைய வேலை இருந்தது.

அடுத்த வாரம் என் வீட்டுக்காரர் உத்திரமேரூர் போய்விட்டு வந்து சொன்னார்: "பாய் கடைல ஈ காக்கா இல்லமே. வெதநெல்லு மூட்டை மூட்டையா அப்டியே கீது. எல்லாரும் பஸ்ஸேறி காஞ்சிபுரம் போயி வாங்கிக்கினு வராங்க. கல்யாணத்த வெச்சிக்கினு மனுசன் பேஜாராயி குந்திகினுகீறாரு."

"நல்லா வேணும்" என்றேன். ஆனால் அன்று சோறு இறங்கவில்லை. ஹமீதா அக்கா பார்த்த பார்வை தட்டில் வந்து வந்து நின்றது.

இன்னும் நாலு நாள் போயிற்று. கேரட் பாத்திகளின் பக்கமே நான் போகவில்லை. தண்ணீர் கூட விடவில்லை. வடக்கு மூலையை மட்டும் கொத்தி வெண்டை போடலாம் என்று உட்கார்ந்தேன். மிஞ்சிய நாற்று அங்கே அங்கொன்றும் இங்கொன்றுமாகச் செழித்து நின்றது. களை பிடுங்குகிற மாதிரி ஒன்றைப் பிடித்து இழுத்தேன்.

வர மாட்டேன் என்றது. மண்ணைக் கிளறிவிட்டு இழுத்தேன். ஒரு சாண் நீளம், ஒரே கால், நேராக, வழவழவென்று, பாக்கெட்டில் இருந்த படமே கையில் வந்துவிட்டது. அடுத்ததும் அப்படியே. அதற்கடுத்ததும் அப்படியே. பதினேழு பிடுங்கினேன், பதினேழும் நேர்.

அதே விதை. அதே மண். அங்கேயே உட்கார்ந்துவிட்டேன்.

அவர் வந்து பார்த்தார். "இது எங்க நட்டது?"

"நடல. இங்கியே முளைச்சது. புடுங்காம வுட்டது."

அவர் பக்கத்தில் குந்தி ஒரு கேரட்டைத் துடைத்துப் பார்த்தார். அப்புறம் மெதுவாகப் பேச்சை இழுத்தார். "பாய் இன்னா சொன்னாருன்னு சொன்ன? நேரா போட சொன்னாருன்னு தானே?"

"ஆமா. அதான் கயிறு கட்டி நேரா..."

சொல்லும்போதே எனக்கு நாக்கு நின்றுவிட்டது. நேரா! நாற்று விடாமல், பிடுங்காமல், நேரே பூமியிலேயே போடச் சொல்லியிருக்கிறார் மனிதர். நானோ பிடுங்கி, காலில் தட்டி, நுனி வேரையெல்லாம் ஒடித்து, அதற்கப்புறம் கயிறு கட்டி நேராக நட்டிருக்கிறேன். முதலில் அந்தச் சொல்லின் மேல் கோபம் வந்தது. அடுத்து பாய் மேல் வந்தது, விளக்கமாகச் சொல்லித் தொலைத்திருக்கக் கூடாதா என்று. கடைசியில் யார் மேல் வர வேண்டுமோ அவள் மேல் வந்தது. வெட்கமாக இருந்தது. சல்லடை போட்டுச் சலித்த எனக்கு, ஒரு வார்த்தையைச் சலிக்கத் தெரியவில்லையே என்று அழுதுவிட்டேன்.

"அழாதமே" என்றார். "மத்தியானமா போ. கடைல ஆளு இருக்க மாட்டாங்க. பாயாண்ட காதோட ஒரு வார்த்த சொல்லிட்டு வந்துடு."

"கூட்டத்துல கத்திட்டு காதுல சொல்றதா? அது ஒரு பொழப்பா?"

சனிக்கிழமை வரை காத்திருந்தேன். ஒரு கூடையில் வீட்டுக்காரர் பிடுங்கித் தந்த கோணல் கேரட், ஒரு கூடையில் நேர் கேரட். பஜாரில் போய் இறங்கினேன். கடையில் ஒரு ஆள் இல்லை. இருசப்பனின் பெஞ்சு கூடக் காலி. உள்ளே பாய் தனியாக உட்கார்ந்து, தூசி இல்லாத டப்பாக்களைத் துணியால் துடைத்துக்கொண்டிருந்தார். எப்படி இருக்கும் கூட்டம்? விரட்டியவளே நான்தானே! யாரிடம் போய்ச் சொல்வது?

சட்டென்று ஞாபகம் வந்தது. பஸ் ஸ்டாண்டுக்கு ஓடினேன். காஞ்சிபுரம் பஸ் புறப்படத் தயாராக நின்றது. உள்ளே பாதிப் பேர் மடியில் காலிப் பையோடு, விதைநெல் வாங்கப் போகிறவர்கள். படியில் ஏறி நின்றுகொண்டேன்.

"ஏம்மா, உள்ள போ, டிக்கெட்டு எடு" என்றார் கண்டக்டர்.

"நான் வர்ல. ரெண்டு நிமிசம் விசில் ஊதாத, உனக்குப் புண்ணியமா போவும்." பஸ்ஸைப் பார்த்துத் திரும்பினேன். எனக்கா குரல் வராது? அன்று வரவில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டு மறுபடி ஆரம்பித்தேன். "எல்லாரும் கேளுங்க. பாய் கடைல அன்னிக்குக் கத்தனது நான் தான். கலப்பட வெதன்னு சொன்னது நான் தான். பொய்யி. தப்பு பூராவும் என்னுது."

இரண்டு கூடையையும் தூக்கிக் காட்டினேன். "ரெண்டும் ஒரே வெத. பாய் நேரா போட சொன்னாரு. நேரான்னா நேரா பூமியிலயே போடறது. நான் நாத்து வுட்டு, புடுங்கி, கால்ல தட்டி, கயிறு கட்டி, நேரா நட்டேன்!"

பின் சீட்டிலிருந்து ஒரு பெரியவர், "அட, நானும் அப்டி தானேம்மா நட்டிருப்பேன்!" என்றார். பஸ் முழுக்கச் சிரிப்பு. ஜன்னலோரம் இருசப்பன் கழுத்தை நீட்டினான்.

"அப்போ பாய் மேல தப்பு இல்லன்ற?"

"இல்ல. இன்னொரு வாட்டி கத்தட்டா? அன்னிக்கு ஊரெல்லாம் போயி சொன்ன இல்ல, இத்தயும் போயி சொல்லு."

பத்துப் பதினைந்து பேர் காலிப் பையோடு இறங்கினார்கள். நான் முன்னால், அவர்கள் பின்னால். கல்யாண ஊர்வலம் மாதிரி பஜாரில் போனோம். மக்பூல் பாய் துணியைக் கையில் பிடித்தபடி எழுந்து நின்றார். பஸ்ஸில் கத்துவது ஒன்றுமே இல்லை. அந்த முகத்தைப் பார்த்துச் சொல்வதுதான் கஷ்டமாக இருந்தது.

"தப்பு என்னுது பாய். உங்க வெத நல்ல வெத. என்ன மன்னிச்சிடுங்க" என்றேன். நடந்ததையும் சொன்னேன்.

அவர் நேர் கேரட் ஒன்றை எடுத்துப் பார்த்தார். கோணல் ஒன்றை எடுத்துப் பார்த்தார். கோணலில் ஒட்டியிருந்த மண்ணை விரலால் தேய்த்தார். மாவு மாதிரி உதிர்ந்தது.

"இந்த மண்ணுல கல்லு இருக்கான்னு நான் கேட்டிருக்கக் கூடாதும்மா" என்றார். எனக்குத் தாங்கவில்லை. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டேன்.

வந்தவர்கள் விதைநெல் மூட்டைகளை அவிழ்க்கச் சொன்னார்கள். கடையில் சத்தம் வந்துவிட்டது. ஆனால் நான் பயந்தது இதற்கில்லை. உள் கதவு திறந்து ஹமீதா அக்கா வந்தார். என்னைப் பார்க்காமல் கூடைகளைப் பார்த்தார். நேர் கேரட் கூடையைக் காலால் ஓரமாகத் தள்ளிவிட்டு, கோணல் கூடையில் ஒன்றை எடுத்துத் துடைத்து ஒரு கடி கடித்தார். மென்றார்.

"தேனாட்டம் கீதேடி! இது மிச்சம் எங்க?"

"பூமியில தான்க்கா கீது. அது... கோணலு."

"கோணலா இருந்தா இன்னா? அல்வாவுக்குத் துருவத் தானே போறோம்? துருவினப்பறம் காலு ஏது, கையி ஏது? அன்னிக்கே அந்தக் கல்லாவுல கொட்டாம என் மொறத்துல கொட்டியிருக்கலாம் இல்ல நீ?"

அதுதான் என்னை அடித்துப் போட்டது. இத்தனை கூத்தும் துருவப் போகிற ஒன்றுக்கா! எனக்குச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. அக்காவுக்கும் தெரியவில்லை போலிருக்கிறது. என் தோளில் ஓங்கி ஓர் அடி வைத்தார். வலித்தது. நல்ல அடி.

வீட்டுக்கு வந்து பாத்தியைப் பார்த்தால், மண் ஈரமாக இருந்தது. நான் தண்ணீர் விடாத அத்தனை நாளும் என் வீட்டுக்காரர் விட்டிருக்கிறார். கேட்டதற்கு, "மண்ண பார்த்தா பாவமா இருந்துச்சி" என்றார். அன்று அவருக்கு மீன் குழம்பு வைத்தேன்.

பக்ரீத் கழிந்த வாரம் சாதியா நிக்காஹ். முந்தின நாள் காலையிலேயே நான், சிட்டம்மாள், அம்முலு மூன்று பேரும் சாக்கு சாக்காகக் கேரட்டோடு போய் இறங்கினோம். கொல்லையில் உட்கார்ந்து துருவித் தள்ளினோம். கடையில் பாய் யாருக்கோ ஏதோ விதை கொடுத்துக்கொண்டிருந்தது கேட்டது.

"நேரா போடணும். நேரான்னா, நாத்து வுடாம, நடாம, பூமியிலயே போடணும். புரிஞ்சிதா? திருப்பிச் சொல்லுங்க."

மறுநாள் பந்தியில் இருசப்பன் அல்வாவை மூன்று தடவை கேட்டு வாங்கினான். மூன்றாவது தடவை பரிமாறியது நான்தான். "கனகா, இதுல நேர் கேரட்டு எது, கோணல் எது?" என்று கண்ணடித்துக் கேட்டான்.

குனிந்து பார்த்தேன். நெய்யில் மினுங்கிக்கொண்டு இலையில் சிவப்பாக இருந்தது. எனக்கே தெரியவில்லை.